களவியல் முடிந்தது, கற்பியல் எப்போது? – இரு பெண்களின் காதலைச் சொல்லும் திரைக்கதைகள் பற்றி

சங்க மலரில் என் பெயரைப் பார்த்தால் "இந்த வருஷம் எந்தச் சமண நூல்?" என்று கேட்கும் அன்பர்கள் சிலர் உண்டு. அவர்களுக்கு முன்கூட்டியே சொல்லிவிடுகிறேன். இந்த முறை நான் எடுத்துக்கொண்டிருப்பது ஒரு தமிழ் சினிமாவையும் ஓர் அமெரிக்கத் தொலைக்காட்சித் தொடரையும். இரண்டிலும் பெண்ணைப் பெண் காதலிக்கிறாள். வீட்டில் எல்லாரும் புரட்டுகிற மலரில் இந்தப் பொருள் தேவையா என்று கேட்கலாம். வீட்டில் எல்லாரும் புரட்டுவதால்தான் இங்கே எழுதுகிறேன். ஒயிட்ஃபீல்டிலும் எலெக்ட்ரானிக் சிட்டியிலும் இரண்டு பெண்பிள்ளைகள் சேர்ந்து வீடு எடுத்துத் தங்குவது இன்று சாதாரண விஷயம். அவர்களில் எத்தனை பேர் காதலர்கள் என்ற ஆராய்ச்சி நமக்கு வேண்டாம். நம் பெண் ஒருத்தி வந்து "அம்மா, விஷயம் இதுதான்" என்று சொன்னால், பதில் சொல்ல நம்மிடம் வார்த்தை இருக்கிறதா? அதுதான் என் கேள்வி.

நான் எஸ்.எஸ்.எல்.சி.யோடு படிப்பை நிறுத்திக் கடையில் உட்கார்ந்தவன். இலக்கணமும் ஆகமமும் கல்லாப் பெட்டிக்குப் பக்கத்தில் வைத்துப் படித்தவை. ஆகவே சினிமாவையும் என் கையில் இருக்கிற படியால்தான் அளக்க முடியும். அந்தப் படி அகப்பொருள் இலக்கணம்.

அறத்தொடு நிற்றல்

நம் முன்னோர் காதலை இரண்டாகப் பகுத்தார்கள். ஊர் அறியாமல் நடப்பது களவு. ஊர் அறியச் சேர்ந்து வாழ்வது கற்பு. தொல்காப்பியத்தில் களவியல், கற்பியல் என்று தனித்தனி இயல்களே இருக்கின்றன. இங்கே கற்பு என்ற சொல்லைக் கேட்டதும் மேடைப் பேச்சு அர்த்தத்துக்குப் போய்விட வேண்டாம். இல்லறம் என்று எடுத்துக்கொள்ளுங்கள். பொருள் தேடப் பிரிந்து போவது, திரும்பி வருவது, ஊடல், விருந்தோம்பல், பிள்ளை வளர்ப்பு எல்லாம் அதற்குள் அடக்கம்.

களவிலிருந்து கற்புக்குப் போக ஒரு வாசல் உண்டு. அதற்கு அறத்தொடு நிற்றல் என்று பெயர். மகளின் காதலை வீட்டாருக்கு வெளிப்படுத்துவதுதான் அது. என்ன அருமையான பெயர் பாருங்கள்! ரகசியத்தை உடைப்பது, காட்டிக் கொடுப்பது என்றெல்லாம் பெயர் வைக்காமல், அறத்தின் பக்கம் நிற்பது என்று வைத்தார்கள். 13-ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த சமணப் புலவர் நாற்கவிராச நம்பி தம் அகப்பொருள் விளக்கத்தில் இதற்கு ஒரு வரிசை தருகிறார். தலைவி தோழிக்குச் சொல்வாள். தோழி செவிலிக்குச் சொல்வாள். செவிலி நற்றாய்க்கு. நற்றாய் தந்தைக்கும் தமையனுக்கும். கபிலரின் குறிஞ்சிப்பாட்டு 261 அடி. அத்தனை அடியும் தோழி செவிலியிடம் பேசுகிற இந்த ஒரு பேச்சுதான்.

அறத்தொடு நிற்பதற்கு ஏழு வழிகளைத் தொல்காப்பியம் பொருளியலில் சொல்கிறது. தலைவனை எளியவன் என்று சொல்வது, அவனைப் புகழ்வது, வேட்கையைச் சொல்வது என்று சுற்றிச் சுற்றி வந்து, ஏழாவதாகத்தான் உண்மையை நேரே செப்புவது வருகிறது.

இதில் ஒன்றைக் கவனிக்க வேண்டும். பெற்ற தாயின் காதுக்குச் செய்தி போகுமுன் இரண்டு பெண்கள் அதைக் கேட்டுவிடுகிறார்கள். தோழி கேட்கிறாள், செவிலி கேட்கிறாள். சூடான பாலை ஆற்றிக் கொடுப்பது போல ஆற்றிவிட்டுத்தான் தாயிடம் கொடுக்கிறார்கள். தந்தையிடம் போகும்போது விஷயம் பாதி முடிந்த காரியமாக இருக்கும். குடும்பம் உடையாமல் இருக்க நம் இலக்கணம் கண்ட ஏற்பாடு இது.

சங்கப் பாட்டில் இரு பெண்களின் காதல் பாடப்பட்டிருக்கிறது என்று நிறுவ நான் வரவில்லை. அப்படி இழுத்துப் பொருள் சொல்வது எனக்குப் பிடிக்காது. ஒரு காதல் வீட்டுக்குள் எப்படி நுழைகிறது என்பதற்கு நம்மிடம் நல்ல இலக்கணம் இருக்கிறது; அதை வைத்து இன்றைய கதையைப் பார்க்கலாம் என்று மட்டுமே சொல்கிறேன்.

லட்சுமியின் வீட்டில்

ஜெயபிரகாஷ் ராதாகிருஷ்ணன் இயக்கிய 'காதல் என்பது பொது உடமை' 2023-இல் கோவா சர்வதேசத் திரைப்பட விழாவின் இந்தியன் பனோரமா பிரிவுக்குத் தேர்வாகி, 2025 பிப்ரவரி 14 அன்று தியேட்டருக்கு வந்தது. கதை சின்னது. சாம் என்ற பெண் (லிஜோமோல் ஜோஸ்) தான் ஒருவரைக் காதலிப்பதாக அம்மா லட்சுமியிடம் (ரோகிணி) சொல்கிறாள். முற்போக்கு எண்ணம் உள்ள அம்மா. அதனால் கோபம் இல்லை. வீட்டுக்கு அழைத்து வா என்கிறாள். வருவது நந்தினி (அனுஷா பிரபு). கூடவே ஒரு நண்பனும் வருகிறான். அம்மா அவனைத்தான் மாப்பிள்ளை என்று நினைக்கிறாள். நந்தினிதான் என்று தெரிந்ததும் வீடு கலங்குகிறது. தனியே வாழும் கணவர் தேவராஜ் (வினீத்) வந்து சேர்கிறார். படத்தின் பெரும்பகுதி அந்த வீட்டுக்குள்ளேயே நடக்கிறது. முடிவைச் சொல்லி, இனிமேல் பார்க்கப் போகிறவர்களைக் கெடுக்க மாட்டேன்.

இப்போது நம்பி தந்த வரிசையை இதன் மேல் வைத்துப் பாருங்கள். தலைவி இருக்கிறாள். நற்றாய் இருக்கிறாள். பின்னால் தந்தையும் வருகிறார். நடுவே தோழி எங்கே? தோழிதான் காதலி! செய்தியை எடுத்துப் போக வேண்டியவளே செய்தியாக வந்து நிற்கிறாள். செவிலியும் இல்லை. ஆற்றிக் கொடுக்க ஆள் இல்லாமல், கொதிக்கிற பால் நேரே தாயின் கையில் விழுகிறது. தொல்காப்பியர் ஏழாவதாக வைத்த உண்மை செப்பலைச் சாம் முதலாவதாகச் செய்கிறாள். ஆறு படி தாண்டிக் குதித்தால் காலில் அடி படாமல் இருக்குமா? படத்தில் வரும் கண்ணீருக்கும் சத்தத்துக்கும் உண்மையான காரணம் இதுதான் என்று எனக்குத் தோன்றுகிறது. அம்மா கெட்டவள் என்பதால் வந்த சண்டை இல்லை. நடுவில் இருக்க வேண்டிய இரண்டு பேர் இல்லாததால் வந்த சண்டை.

இயக்குநர் செய்த நல்ல காரியம், படிக்காத, மூர்க்கமான ஒரு தாயைக் காட்டாமல் விட்டது. அப்படிக் காட்டியிருந்தால் நாமெல்லாம் "நாம் அப்படி இல்லையே" என்று நிம்மதியாக எழுந்து போயிருப்போம். ஊருக்கெல்லாம் நியாயம் பேசுகிற ஒருத்தி, அதே நியாயம் தன் வீட்டுக் கதவைத் தட்டும்போது தடுமாறுவதை ரோகிணி நன்றாகக் காட்டியிருக்கிறார். 'ஜெய்பீம்' படத்தில் செங்கேணியாக வந்த லிஜோமோல், இதில் பிடிவாதமும் பயமும் கலந்த ஒரு மகளாக இருக்கிறார். பார்க்கிறவர் கண் கூசும்படி எதையும் காட்டி விலை பேசவில்லை. அதற்கும் இயக்குநருக்கு நன்றி சொல்லவேண்டும்.

குறைகளும் உண்டு. ஒவ்வொருவரும் ஒரு கட்சிக்காகப் பேசுவது போல வசனம் சில இடங்களில் பட்டிமன்றமாகிவிடுகிறது. வசதியான வீடு, படித்த மனிதர்கள். கூலிக்குப் போகிற வீட்டில், ஒரே அறையில் ஆறு பேர் படுக்கிற வீட்டில் இந்தப் பேச்சு எப்படி நடக்கும் என்ற கேள்விக்கு இங்கே இடமில்லை. ஆனால் பெரிய குறை வேறு. இந்தப் படம் முழுக்க முழுக்க வாசலில் நடக்கிறது. சொல்வதும், கேட்டவர்கள் கலங்குவதும்தான் கதை. களவு முடிகிற இடத்தில் படமும் முடிகிறது.

வாசலோடு நின்ற கதைகள்

இந்தக் குறையை இவர் ஒருவர் தலையில் கட்ட முடியாது. நம் பக்கத்துப் படங்கள் எல்லாமே இப்படித்தான். 1986-இல் பத்மராஜன் எடுத்த 'தேசாடனக்கிளி கரயாறில்லா' என்ற மலையாளப் படத்தில் நிம்மி, சாலி என்ற இரண்டு பள்ளிக்கூடப் பெண்கள் ஓடிப் போகிறார்கள். அவர்களுடைய பிணைப்புக்குக் கடைசி வரை பெயரே சொல்லப்படவில்லை. முடிவில் சேர்ந்து சாகிறார்கள். 1996-இல் தீபா மேத்தாவின் 'ஃபயர்' வந்தது. டில்லியில் ஒரு கூட்டுக் குடும்பத்தில் ஓரகத்திகளாக வந்த ராதாவும் சீதாவும் காதலிக்கிறார்கள். 1998 டிசம்பரில் பம்பாயிலும் டில்லியிலும் தியேட்டரை உடைத்தார்கள். படம் மறுபடி தணிக்கைக்குப் போய், வெட்டு இல்லாமலே 1999-இல் திரும்பி வந்தது. அந்தக் கதையும் எங்கே முடிகிறது? வீட்டைவிட்டு வெளியேறிய இருவரும் மழையில் ஒரு தர்காவில் சந்திப்பதோடு.

முதல் கதையில் ஓட்டமும் சாவும். இரண்டாவதில் தீயும் வெளியேற்றமும். மூன்றாவதில், அதாவது நம் தமிழ்ப் படத்தில், ஓடாமல் வீட்டுக்குள் வந்து உட்கார்ந்து பேசுகிறார்கள். கிட்டத்தட்ட நாற்பது வருஷத்தில் இது பெரிய முன்னேற்றம்தான், மறுக்கவில்லை. ஆனாலும் மூன்றும் களவியல். அடுத்த மாதம் வாடகை யார் கொடுத்தார்கள்? ஒருத்திக்குக் காய்ச்சல் வந்தபோது யார் லீவு போட்டார்கள்? பொங்கலுக்கு எந்த வீட்டுக்குப் போனார்கள்? ஒரு கதையிலும் இதற்குப் பதில் கிடையாது.

மூன்றாவது சீசன்

இந்த இடத்தில்தான் அமெரிக்கத் தொடர் எனக்கு உதவுகிறது. 'தி எல் வேர்டு' என்று பெயர். ஷோடைம் சேனலில் 2004 ஜனவரி முதல் 2009 மார்ச் வரை ஆறு சீசன், 70 எபிசோடு ஓடியது. லாஸ் ஏஞ்சலீஸில் வாழும் ஒரு தோழியர் கூட்டத்தின் கதை. அநேகமாக எல்லாரும் பெண்ணை விரும்பும் பெண்கள். ஒரு காப்பிக் கடையில் கூடுகிறார்கள், பேசுகிறார்கள், சண்டை போடுகிறார்கள். வேடிக்கை என்னவென்றால், அதே வருஷங்களில்தான், 2003-இலிருந்து 2009 வரை, நம் வீடுகளில் சன் டிவியின் 'கோலங்கள்' 1,533 எபிசோடு ஓடியது. உலகத்தின் இரண்டு ஓரத்தில் இரண்டு கூட்டம் பெண்கள், வீடு என்றால் என்ன என்று அழுதுகொண்டே விசாரித்துக்கொண்டிருந்தார்கள்.

முழுத் தொடரையும் நான் சிபாரிசு செய்ய மாட்டேன். படுக்கையறைக் காட்சிகள் ஏராளம். பிள்ளைகளோடு உட்கார்ந்து பார்க்க முடியாது. எல்லாரும் அழகு, பெரும்பாலோர் பணக்காரர்கள். அது ஊரே இல்லை, ஜவுளிக்கடைக் கண்ணாடி ஜன்னல். கடைசி சீசனில் ஒரு சாவை வைத்து யார் கொன்றது என்று இழுத்து, விடை சொல்லாமலே கடையைக் கட்டினார்கள். நம் மெகா சீரியல்காரர்கள்கூடக் கூசுவார்கள். ஆனால் 2006-இல் வந்த மூன்றாவது சீசனை மட்டும் தனியாக எடுத்துப் பேச வேண்டும்.

முதல் சீசனில் எல்லாம் வாசல் கதைகள். டேனா என்ற டென்னிஸ் வீராங்கனை பழமைப் பிடிப்புள்ள பெற்றோரிடம் எப்படிச் சொல்வது என்று தவிக்கிறாள். மூன்றாவது சீசன் வரும்போது சொல்வதெல்லாம் சொல்லி முடிந்துவிட்டது. இனி வாழ வேண்டும். பெட் – டீனா என்ற இணை வளர்க்கும் குழந்தையைப் பெற்றவள் டீனா. பெட் சட்டப்படி தாயாவதற்குத் தத்தெடுக்க வேண்டும். அதிகாரி வீட்டுக்கு வந்து விசாரிக்கிறார். ஒன்றாக வளர்க்கிற குழந்தைக்கே தாய் என்று நிரூபிக்கக் காகிதம் வேண்டியிருக்கிறது. சீசன் முடிவில் கனடாவுக்குப் போய் ஒரு கல்யாண ஏற்பாடு நடக்கிறது. அங்கே அது 2005-இலேயே சட்டம். அந்தக் கல்யாணம் நின்றும் போகிறது. சட்டம் வந்துவிட்டால் சம்சாரம் தானாக வந்துவிடாது என்பதும் கற்பியல் பாடம்தான்.

எல்லாவற்றுக்கும் மேலே டேனாவின் கதை. அவளுக்கு மார்பகப் புற்றுநோய் வருகிறது. ஒரு காலத்தில் அவளுடைய காதலியாக இருந்த ஆலிஸ் பணிவிடை செய்கிறாள். காதல் முறிந்த பிறகும் பிணைப்பு முறியவில்லை. டேனா இறந்துபோகிறாள். குடும்பம் நடத்துகிற இறுதிச் சடங்கில் பாதிரியார் அவளை யாரோ வேறு ஒருத்தியைப் பற்றிப் பேசுவது போலப் பேசுகிறார். ஆணைக் கைப்பிடிக்க வேண்டிய ஒரு பெண்ணாக. ஆலிஸ் பொறுக்க முடியாமல் எழுந்து, அவள் யார் என்பதை எல்லார் முன்னாலும் சொல்லிவிடுகிறாள். பிறகு தோழிகள் அஸ்தியில் கொஞ்சம் எடுத்துக்கொண்டு போய் ஓர் அருவியில் கரைக்கிறார்கள்.

இந்த இடத்தில் நான் தொடரை நிறுத்திவிட்டுக் கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன். அஸ்தி யாருக்குச் சொந்தம் என்ற கேள்வி நமக்குப் புரியாத கேள்வியா? கொள்ளி வைக்கும் உரிமைக்காக நம் ஊரில் எத்தனை பங்காளிச் சண்டை பார்த்திருக்கிறோம்! செத்தவளுக்காக ஆலிஸ் சபை நடுவே எழுந்து உண்மை சொன்னாளே, அதுதான் அறத்தொடு நிற்றல். இவள் தோழி, ஒரு காலத்துக் காதலி, கடைசியில் செவிலி. மூன்றும் ஒருத்தியே. தமிழ்ப் படத்தில் காணாமல் போன அந்த நடு ஆள், இந்தத் தொடரில் மூன்று சீசன் கழித்துக் கிடைக்கிறாள். தொடர் என்ற வடிவத்துக்கு நேரம் இருக்கிறது. இரண்டு மணி நேரப் படத்துக்கு அது இல்லை.

கோம்மடசாரம் சொல்வது

"இதெல்லாம் வெளிநாட்டுச் சரக்கு, நம்ம மண்ணில் ஏது?" என்று ஒரு பேச்சு உண்டு. அதற்குப் பதிலாக நம் கர்நாடகத்திலிருந்தே ஒரு நூலைக் காட்டுகிறேன். சிரவணபெளகொளாவில் கோமடேஸ்வரர் சிலையை 10-ஆம் நூற்றாண்டில் எடுப்பித்தவர் சாவுண்டராயர். அவருக்காக நேமிசந்திர சித்தாந்த சக்கரவர்த்தி பிராகிருதத்தில் இயற்றிய நூல் கோம்மடசாரம். அதன் ஜீவகாண்டத்தில் வேதம் என்று ஒரு பகுதி உண்டு. இங்கே வேதம் என்றால் நான்மறை இல்லை; பால்வேட்கை. ஆணை நாடும் வேட்கை ஸ்திரீ வேதம். பெண்ணை நாடும் வேட்கை பும்வேதம். இரண்டையும் நாடுவது நபும்சக வேதம்.

கவனிக்க வேண்டியது இனிமேல்தான். உடம்பின் உறுப்பு அமைவது நாம கர்மத்தால். மனத்தின் வேட்கை அமைவது மோகனீய கர்மத்தால். இரண்டுக்கும் கணக்குப் புத்தகம் வேறு வேறு. பெரும்பாலும் இரண்டும் ஒத்துப் போகும், சில இடங்களில் ஒத்துப் போகாது என்று நேமிசந்திரர் சொல்கிறார். அப்படியானால் பெண் உடம்பில் பெண்ணை நாடும் வேட்கை இருக்கக்கூடும் என்பது சுமார் ஆயிரம் வருஷத்துக்கு முன் எழுதி வைத்த விஷயம். பழக்க தோஷம், சேர்க்கை தோஷம், மேல்நாட்டுப் படிப்பு தோஷம் என்ற காரணமெல்லாம் அங்கே இல்லை.

நேர்மையாக இன்னொன்றும் சொல்ல வேண்டும். துறவை உச்சமாக வைக்கும் எங்கள் சமயம் எந்த வேட்கையையும் புகழவில்லை. மூன்று வேதமும் நெருப்புதான், மூன்றும் கடக்க வேண்டியவைதான். ஆனால் கல்யாண வீட்டு வேட்கையை மட்டும் புனிதம் என்று தூக்கி வைத்துவிட்டு மற்றதை மட்டும் அடிக்க அந்த நூலில் இடமில்லை. முனிவராகப் போகிறவர் எல்லா நெருப்பையும் அணைக்கட்டும். சம்சாரத்தில் இருக்கிற நாம் அடுத்த வீட்டு அடுப்பை மட்டும் அணைக்கப் போவது என்ன நியாயம்?

நீதிமன்றமும் ரேஷன் கார்டும்

சினிமா வாசலில் நின்றாலும் நிஜ வாழ்க்கை உள்ளே போய்விட்டது. அதற்கு நம் உயர்நீதிமன்றமே சாட்சி. மதுரையைச் சேர்ந்த இரண்டு பெண்கள் வீட்டுக்குப் பயந்து சென்னைக்கு ஓடி வந்து பாதுகாப்புக் கேட்டார்கள். அந்த வழக்கில் 2021 ஜூன் 7 அன்று நீதிபதி ஆனந்த் வெங்கடேஷ் உத்தரவு தந்தார். தமக்கு இந்தப் பொருள் புரியவில்லை என்று வெளிப்படையாகச் சொல்லி, ஓர் உளவியலாளரிடம் போய்க் கேட்டுத் தெரிந்துகொண்ட பிறகுதான் அவர் எழுதினார். இந்த இயல்பை மாற்றுகிறேன் என்று சிகிச்சை செய்வதையும் தடுத்தார். மரியாதையான தமிழ்ச் சொற்கள் வேண்டும் என்று அந்த வழக்கிலேயே பேச்சு எழுந்து, தமிழ்நாடு அரசு 2022-இல் ஒரு சொற்பட்டியல் வெளியிட்டது.

2018 செப்டம்பர் 6 அன்று உச்ச நீதிமன்றம் 377-ஆவது பிரிவைத் தளர்த்தி, வயது வந்தவர்களின் இசைவான உறவு குற்றமில்லை என்றது. 2023 அக்டோபர் 17 அன்று அதே நீதிமன்றம், இத்தகைய கல்யாணத்துக்குச் சட்ட அங்கீகாரம் தர மறுத்து, அதைச் சட்டமன்றங்களின் பொறுப்பில் விட்டது. அதற்குப் பிறகு 2024 ஆகஸ்டில் மத்திய அரசின் துறைகள் சில சுற்றறிக்கைகள் அனுப்பின. இத்தகைய இணைகள் பேங்கில் கூட்டுக் கணக்குத் தொடங்கலாம், ஒருவர் மற்றவரை நாமினியாகப் போடலாம், ரேஷன் கார்டில் ஒரே குடும்பமாகக் கருதலாம். நெருங்கிய உறவினர் இல்லாதபோது இணையே உடலைப் பெற்றுக்கொள்வது பற்றிச் சுகாதார அமைச்சகமும் மாநிலங்களுக்கு எழுதியது.

வியாபாரி கண்ணுக்கு இது பெரிய விஷயம். கூட்டுக் கணக்கு, நாமினி, ரேஷன் கார்டு, கடைசியில் உடல். நம் கற்பியலின் நாலு தூண்கள் இவை. டேனாவின் அஸ்தியைத் திருட்டுத்தனமாக எடுத்துப் போன தோழிகளுக்கு இருந்த அதே பிரச்சினையை நம் ஊர் சர்க்கார் கடிதம் தொட்டுவிட்டது. நம் சினிமா இன்னும் தொடவில்லை.

2025 மே 22 அன்று சென்னை உயர்நீதிமன்றத்தில் இன்னொரு தீர்ப்பு வந்தது. வீட்டார் அடைத்து வைத்த ஒரு பெண்ணை மீட்க இன்னொரு பெண் ஆட்கொணர்வு மனு போட்டாள். நீதிபதிகள் ஜி.ஆர். சுவாமிநாதனும் வி. லட்சுமிநாராயணனும் அந்தப் பெண்ணை விடுவித்தார்கள். கல்யாணம் ஒன்றுதான் குடும்பம் அமைக்கும் வழி என்பதில்லை, தேர்ந்துகொண்ட குடும்பம் என்பதும் உண்டு என்றார்கள். என்னை நிறுத்திய செய்தி வேறு. மனுவில் அந்தப் பெண் தன்னை நெருங்கிய தோழி என்றுதான் எழுதியிருந்தாள். நீதிபதிகள் அந்தத் தயக்கத்தைப் புரிந்துகொண்டார்கள். காதலி என்று எழுதக் கை வராமல் தோழி என்று எழுதிய அந்த ஒரு சொல்லில் இருக்கிற பயத்தை வைத்து ஒரு நல்ல படமே எடுக்கலாம்.

பிழைக்க வந்தவர்களுக்குத் தெரியும்

தேர்ந்துகொண்ட குடும்பம் என்ற சொல்லைக் கேட்டு, ஊரை விட்டு வந்த நாம் ஆச்சரியப்படக் கூடாது. சித்தப்பா பெரியப்பா எல்லாம் ஆரணியிலும் வந்தவாசியிலும் இருக்க, இங்கே பிரசவத்துக்குக் கூட நின்றது யார்? பக்கத்து வீட்டுக்காரம்மா. 1991 டிசம்பரில் காவிரிக் கலவரம் நடந்தபோது எத்தனை தமிழ்க் குழந்தைகள் கன்னட வீடுகளில் தூங்கின! ரத்த சம்பந்தம் இல்லாதவர்களைச் சேர்த்து ஒரு குடும்பம் கட்டிக்கொண்டவர்கள் நாம். அதை இன்னொருவர் கட்டினால் மட்டும் நமக்குப் புரியாமல் போகுமா?

"கல்யாணம் பண்ணி வைத்தால் எல்லாம் சரியாகிவிடும்" என்று சொல்லும் பெரியவர்களுக்கு வியாபார நியாயத்திலேயே பதில் சொல்கிறேன். தெரிந்த குறையை மறைத்து விற்பது பாவம் என்று என் கடையில் வேலைக்கு வரும் பையனுக்குக்கூட முதல் நாள் சொல்லித் தருவேன். பெண் ஒரு சரக்கு இல்லை, அவளிடம் இருப்பது குறையும் இல்லை. ஆனாலும் உண்மையை மறைத்து ஓர் அப்பாவிப் பையனுக்குக் கட்டி வைத்தால் பொய் நம்முடையது. அவள் வாழ்க்கை, அவன் வாழ்க்கை, அவள் நேசித்த இன்னொருத்தியின் வாழ்க்கை, மூன்றும் போகும். வாய்மையும் கொல்லாமையும் வீட்டு விளக்குக்கு முன்னால் சொல்லிவிட்டு இதைச் செய்ய முடியாது.

இனி வேண்டியது

தமிழ்ப் படம் வாசலைத் திறந்து வைத்திருக்கிறது. அதற்கு மேல் ஒரு கற்பியல் எழுத ஆள் வேண்டும். சினிமாவைவிடத் தொலைக்காட்சித் தொடருக்கு அது பொருந்தும் என்பது என் எண்ணம். ஆயிரம் எபிசோடில் மாமியார் மருமகள் கதை சொன்ன நம் எழுத்தாளர்களுக்கு வாடகை வீடும், ஆஸ்பத்திரி வராந்தாவும், தீபாவளிக்கு அழைப்பு வராத வருத்தமும் எழுதத் தெரியாததில்லை. லாஸ் ஏஞ்சலீஸ் பளபளப்பு வேண்டாம். அல்சூரில் ஓர் இரண்டாம் மாடி வீடு போதும். வேலைக்குப் போகிற இரண்டு பெண்கள், கீழே வீட்டுக்காரம்மா, ஊரிலிருந்து மாசம் ஒரு முறை போன் பண்ணுகிற அம்மா. அவர்களுக்கு வயதாவதையும் காட்டட்டும்.

அந்தத் தொடர் வருகிற வரை நம் வீடுகளில் காலியாக இருக்கிற ஓர் இடம் உண்டு. அது செவிலியின் இடம். அத்தை, சித்தி, மாமி, பாட்டி யாராக வேண்டுமானாலும் இருக்கலாம். ஆண்களும் அந்த வேலையைச் செய்யலாம். பெற்றவளிடம் சொல்லப் பயந்து ஒரு பெண் நம்மிடம் முதலில் வந்தால், கதவைச் சாத்தாமல், ஊருக்குப் போன் பண்ணாமல், உட்கார வைத்துக் காப்பி கொடுத்துக் கேட்க வேண்டும். பிறகு அவள் அம்மாவிடம் பக்குவமாகப் போய்ச் சொல்ல வேண்டும். அறத்தொடு நிற்றல் என்று பெயர் வைத்த மொழி நம்முடையது. அதைச் செய்து காட்டுகிற கடமையும் நமக்கு இருக்கிறது.